எரிமலைச் சரிவில் ஒரு மஞ்சள் பூ

கி.பி. 79இல் பொம்பெயி நகரைப் புதைத்த வெசூவியஸ் எரிமலையின் சரிவில் ஜினெஸ்த்ரா என்னும் மஞ்சள் பூச்செடி மணம் பரப்பி நிற்கிறது. மந்திரச் செடியன்று, நம் அவரையின் உறவுதான். வேர் முடிச்சுகளில் வாழும் நுண்ணுயிர்கள் காற்றின் நைட்ரஜனை ஈர்த்துத் தருவதால் வறிய நிலத்திலும் தழைக்கிறது.

1836இல் இத்தாலியக் கவிஞர் லெயோபார்தி இதைப் பாடினார். நெருப்பாறு மீண்டும் வரும். செடி கெஞ்சாமலும் செருக்காமலும் தலை சாயும் என்றார். விசுவாசத்தை இழந்தவர் அவர். ஆயினும் பாடலின் முகப்பில், மனிதர் ஒளியை விடுத்து இருளை நாடியதைக் கூறும் யோவான் நற்செய்தியின் வரியைப் (3:19) பொறித்தார்!

அவர் முடிவை நான் ஏற்கேன். ஆனால் பிள்ளையைப் புதைத்த தாயிடம் ‘எல்லாம் நன்மைக்கே’ என்று அவசரமாய்ச் சொல்லி அழுகையை அடக்கும் அருள்பணியாளர்களாகிய நாமா, அழிவை மறைக்காத அவரா, அந்த ஒளிக்கு அருகில் நிற்பவர்? மார்த்தாவிடம் உயிர்ப்பைப் பற்றிப் பேசிய ஆண்டவரும் இலாசருக்காக அழுதாரே.