கட்டும் வீடும்



சென்ற தை மாதம் அருப்புக்கோட்டை, திருச்சுழி வட்டாரத்தில் எஞ்சியுள்ள சமணத் தடங்களைக் காணும் விருப்பத்தோடு நாம் சிலர் வடக்கேயிருந்து சென்றிருந்தோம். வந்தவாசி, திண்டிவனம் பக்கத்து நம்மவர் பலருக்கு அந்தக் கரிசல் நாடு இன்று அயல்நாடு போன்றது. கண்மாய்க்கரை, பருத்தி, மல்லி, எங்கும் சீமைக்கருவேலம் என்று விரியும் அந்த வானம் பார்த்த பூமியில்தான் ஒரு காலத்தில் வெண்புநாட்டுக் குறண்டித் திருக்காட்டாம்பள்ளி சிறந்து விளங்கியது. மதுரைக்கு மேற்கே சமணமலையில் அருகர் திருமேனிகளைச் செய்வித்தோர் கல்வெட்டுகளில் அப்பள்ளியின் பெயர் வருகிறது. குறண்டி அட்டோபவாசி படாரர், அவர் மாணாக்கர் குணசேனதேவர் என மாணாக்கர் வரிசையும் அங்கே காணலாம். அட்டோபவாசி என்பது எட்டு நாள் உண்ணா நோன்பினால் வந்த பெயர். அத்துறவியர் தங்கிய பள்ளி இன்று இல்லை. வீடு என ஒன்றைத் தமக்கென்று வைத்துக்கொள்ளாத அவர்களின் பெயர்கள் மட்டும் பாறையில் நிற்கின்றன.

இதனை எண்ணியவாறே அன்று மாலை அருப்புக்கோட்டையில் நம்மவர் இல்லம் ஒன்றிற்குச் சென்றோம். வட ஆர்க்காட்டுப் பக்கத்திலிருந்து ஆசிரியப் பணிக்காக வந்து தங்கிவிட்ட குடும்பம் அது. பொழுது சாய்வதற்குள் உணவு முடிந்தது. பின்னர் அவ்வீட்டு அம்மையார் ஒரு பழைய குறிப்பேட்டை எடுத்து வந்து நம்முன் வைத்தார். பல ஆண்டுகளுக்கு முன் ஒரு மழைக்கால நோன்பின்போது அவர் மிகுபொருள் வரைதல் என்னும் விரதத்தை ஏற்றவர். வீடு ஒன்று, பொன் இவ்வளவு, எல்லாம் சேர்த்து முப்பது இலட்சம் ரூபாய்க்கு மேற்படாத உடைமை என்று அதில் தம் கைப்பட எழுதியிருந்தார். ஐந்தாண்டுகளுக்கு முன் மகனும் தாமும் கூட்டாக இந்த வீட்டை வாங்கியிருக்கின்றனர். கையிருப்பு ஆறு இலட்சம்; வங்கிக் கடன் இருபது இலட்சம்; தவணைக் காலம் இருபது ஆண்டு. "இருபத்தாறு இலட்சம் என்றுதான் நினைத்தேன், ஐயா. இப்போது தம்பி கணக்கைப் பார்த்துவிட்டு வேறு என்னமோ சொல்லுகிறான். நான் எல்லையைத் தாண்டிவிட்டேனா?" என்று கேட்டார்.

அக்கேள்விக்கு விடை காண அன்றிரவு காகிதமும் எழுதுகோலுமாக அமர்ந்தோம். நமது சமயம் கூறும் பதார்த்தங்கள் ஒன்பதில் கட்டு என்பது ஒன்று, வீடு என்பது ஒன்று. வினை உயிரைப் பிணிப்பது கட்டு. அது முற்றும் அற்ற நிலை வீடு. உலக வழக்கிலோ வீடு கட்டுகிறோம், அதற்கெனக் கடன் கட்டுகிறோம். அதனால் நாம் கட்டுண்பதை மட்டும் சொல்லாமல் விட்டுவிடுகிறோம்.

கணக்கு எளிதாக அமைய, வட்டியின் ஏற்ற இறக்கத்தை ஒதுக்கி, ஆண்டுக்கு 8.5 விழுக்காடு என்றே கொண்டோம். இருபது இலட்சத்திற்கு 240 மாதத் தவணை, ஒவ்வொன்றும் ரூ. 17,356. முதல் மாதத்தில் வட்டிக்கு மட்டும் போவது ரூ. 14,167. அசலில் கழிவது ரூ. 3,190-க்கும் குறைவே. ஐந்தாண்டு முடிவில் அவர்கள் செலுத்தியிருப்பது ஏறத்தாழ ரூ. 10,41,000; அசலில் குறைந்ததோ ரூ. 2,37,000 மட்டுமே. பத்தாண்டு சென்றால், அதாவது பாதிக் காலம் கழிந்தால், செலுத்தியது ரூ. 20,82,000-ஐத் தாண்டிவிடும். வாங்கிய கடனை விட அதிகம் கொடுத்தாயிற்று. நிலுவையாக நிற்பதோ இன்னும் பதினான்கு இலட்சம். இருபதாம் ஆண்டின் முடிவில் மொத்தம் ரூ. 41,65,000. கைப்பணம் ஆறு இலட்சத்தையும் கூட்டினால் அந்த வீட்டின் விலை நாற்பத்தேழு இலட்சத்திற்கு மேல் ஆகிறது. மகன் சொன்ன 'வேறு என்னமோ' இதுதான்.

அந்நாட்டில் வீட்டை ஒத்திக்கு விடும் பழக்கம் இன்னும் உண்டு. பணம் கொடுத்தவர் குறித்த காலம்வரை அவ்வீட்டில் குடியிருப்பார். வாடகை இல்லை, பணத்திற்கு வட்டியும் இல்லை. கெடு முடிந்ததும் முதலைத் திருப்பிக் கொடுத்து வீட்டை மீட்பர். அதில் துன்பம் உண்டுதான். ஆனால் தன் வீட்டில் பிறர் விளக்கேற்றுவதை உரியவன் தெருவில் நின்று பார்க்கிறான். கடனின் விலை நாள்தோறும் அவன் கண்ணில் படுகிறது. வங்கிக் கடனில் வீட்டினுள் இருப்பவர் நாம். மூலப்பத்திரம் மட்டுமே வெளியே இருக்கிறது. அதனால் விலை கண்ணுக்குப் புலப்படுவதில்லை.

திருச்சுழியை அடுத்த பள்ளிமடத்துச் சிவன் கோயிலில் பாண்டியர் காலக் கல்வெட்டுகள் உள்ளன. விளக்கெரிக்க ஆடுகள் விடப்பட்ட செய்தி அவற்றில் உண்டு. பாண்டிய, சோழ நாட்டுக் கல்வெட்டுகள் இத்தகைய ஆடுகளைச் சாவா மூவாப் பேராடு என்று வழங்கும். ஆடு சாகாதா, மூக்காதா எனின், கிழடு கழிந்த இடத்தில் குட்டியை நிரப்பித் தொகை குறையாமல் காப்பது இடையர் கடமை. நெய் மட்டும் சந்திராதித்தர் உள்ளவரை வந்துகொண்டிருக்க வேண்டும். முதல் சாகாமல் நெய் ஊறும் இந்த ஏற்பாடு நந்தா விளக்கிற்கு மிகப் பொருத்தம். கடனில் இதுவே நேருமாயின், ஆடு வங்கியுடையது, நெய் நம் உழைப்பு. முதல் ஐந்தாண்டுத் தவணைக் கணக்கைப் பார்க்கையில் நமக்கு அந்த ஆடுகளே நினைவுக்கு வந்தன.

இனி, ஆகமம் கூறுவதைக் காண்போம். வினைக்கட்டு நால்வகைத்து: இயல்பு, காலம், வன்மை, அளவு. இவற்றைப் பிரகிருதி, ஸ்திதி, அனுபாகம், பிரதேசம் என்பர். இவற்றுள் இயல்பும் அளவும் மனம் மொழி மெய்களின் இயக்கமாகிய யோகத்தால் வருவன. எவ்வளவு காலம் கட்டி நிற்கும், எவ்வளவு கடுமையாகப் பயன்தரும் என்னும் இரண்டும் கஷாயத்தால், அதாவது வெகுளி, செருக்கு, மாயம், அவா என்னும் நான்கால் வருவன. நல்லாசிரியரிடம் பாடம் கேட்ட சிறுவரும் இதனை ஒப்பிப்பர். ஆயினும் கடன் பத்திரத்தில் கையொப்பமிடும்போது பெரியவர்க்கும் இது நினைவில் வருவதில்லை.

குடியிருக்க ஓர் இல்லம் வேண்டுமென்று முயல்வது இயக்கம். இல்லறத்தானுக்கு அது விலக்கன்று. அக்கடன் எட்டாண்டில் தீருமா, இருபதாண்டு நிற்குமா என்பதைத் தீர்மானிப்பது எது? அவ்வீட்டின் கணக்கையே பார்த்தோம். கரிசல் மண் மழையில் ஊதி வெயிலில் வெடிப்பது. ஆகவே அங்கே கடைக்கால் ஆழமாக இறங்க வேண்டும், செலவும் மிகும். அதனையும் சேர்த்து, கீழ்த்தளம் மட்டும் என்றால் பன்னிரண்டு இலட்சம் கடன் போதுமாக இருந்தது. மீதி எட்டு இலட்சம் மேல்மாடிக்கும் முகப்பின் அலங்காரத்திற்கும் ஆனது. "ஊரிலிருந்து உறவினர் வந்தால் என்ன நினைப்பார்கள் என்று..." எனத் தொடங்கிய மகன் முடிக்காமல் நிறுத்திக்கொண்டார். பன்னிரண்டு இலட்சத்தை அதே வட்டியில், அதே ரூ. 17,356 தவணையில் செலுத்தியிருந்தால் எட்டே ஆண்டில் கடன் தீர்ந்திருக்கும். மொத்தம் பதினாறரை இலட்சம் ஆகியிருக்கும். உறவினர் நினைப்புக்காக வாங்கிய எட்டு இலட்சத்தின் விலை இருபத்தைந்து இலட்சமும் பன்னிரண்டு ஆண்டுகளும் ஆகும். செருக்கினால் ஸ்திதி நீளும் என்பதற்கு இதைவிடத் தெளிவான உரை நாம் கண்டதில்லை.

கட்டிய வினை உடனே பயன் தருவதில்லை. சிறிது காலம் வாளா கிடக்கும். அதனை அபாதா காலம் என்பர். 2020 மார்ச்சு முதல் ஆகஸ்டு வரை பெருந்தொற்றுக் காலத்தில் தவணைகளை ஒத்திவைக்க ரிசர்வ் வங்கி இடமளித்தபோது, அந்த ஆறு மாதமும் கடன் உறங்கிவிட்டதாகப் பலர் மகிழ்ந்தனர். வட்டி உறங்கவில்லை. வட்டிமேல் வட்டி பின்னர் இரண்டு கோடி வரையிலான கடன்களுக்குத் தள்ளப்பட்டது, வட்டி தள்ளப்படவில்லை.

கட்டிய பின்னும் வினையின் காலமும் வன்மையும் கூடுவதுண்டு, குறைவதுண்டு. உத்கர்ஷணம், அபகர்ஷணம் என்று இவற்றை நூல்கள் வகுக்கும். மாறும் வட்டிக் கடனில் இது கண்கூடு. 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரெப்போ விகிதம் 4-இலிருந்து 6.5 விழுக்காடாக ஏறியது. 6.75 விழுக்காட்டில் இருபது இலட்சத்தை இருபதாண்டுக்கு வாங்கியவரின் தவணை ரூ. 15,207. வட்டி 9.25 ஆகும்போது இருபது இலட்சம் நிலுவைக்கு ஒரு மாத வட்டியே ரூ. 15,417 ஆகிவிடும், தவணை வட்டிக்கே பற்றாது. தவணையை ஏற்றாமல் காலத்தை நீட்டினர் பலருக்கு. தொகை மாறாததால் வீட்டார் அறியவில்லை. அறுபதாம் வயதில் முடியவேண்டியது ஓய்வூதியக் காலத்திற்குள் புகுந்துவிட்டது. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கென ஆணையிட்டது: வட்டி மாறும்போது கடன் பெற்றவருக்கு விளைவைத் தெரிவிக்க வேண்டும், தவணையை உயர்த்துவதா காலத்தை நீட்டுவதா என்று தேர்ந்துகொள்ள வாய்ப்பளிக்க வேண்டும் என்று. அந்தக் கடிதம் வந்தால் படிக்காமல் அலமாரியில் வைத்துவிடாதீர்கள்.

கடன் கொடுப்போர் கூறும் சமாதானமும் ஒன்று உண்டு. வாடகையும் வீணே போவதுதானே, விலைவாசி ஏற ஏறப் பிற்காலத்து ரூபாய் இலேசாகுமே என்பர். இதில் பாதி உண்மை. வாடகை வீட்டிலேயே முதுமை அடைந்தோரின் துயரை நாம் அறிவோம். மறு பாதியை அவர்கள் சொல்வதில்லை: சம்பளம் ஏறும், வேலை நிலைக்கும், நோய் வராது என்று இருபதாண்டுக்கு யார் பிணை நிற்பார்? வரிச் சலுகைக்காகக் கடனை நீட்டி வைப்பவரோடு நாம் வாதிடுவதில்லை; முப்பது ரூபாய் வரி மிச்சமாக நூறு ரூபாய் வட்டி கொடுப்பவருக்கு எண்கணிதமே ஆசான்.

வினை உதிர்வது இருவகை. காலம் முதிர்ந்து, பயன்தந்து, தானே உதிர்வது ஒன்று. அதனால் உயிர் ஒன்றும் முன்னேறிவிடாது. காலம் வருமுன் தவத்தால் வருவித்து உதிர்ப்பது மற்றொன்று. உதீரணை எனப்படுவது அது. மாதத் தவணை முதல்வகை. அசலில் முன்கூட்டிச் செலுத்துவது இரண்டாம் வகை. மாறும் வட்டியிலான வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பவரிடம் வங்கிகள் தண்டம் வாங்கலாகாது என்று 2012 ஜூனிலேயே ரிசர்வ் வங்கி விதித்துவிட்டது. அவ்வாறு செலுத்தும்போது தவணைத் தொகையைக் குறைக்க வேண்டா, காலத்தைக் குறைக்க என்று எழுத்தில் கேட்டுப் பெறுதல் நன்று. அதனோடு செறிப்பும் வேண்டும்: பழைய கடன்மேல் கூடுதல் கடன் தருகிறோம் என்று தொலைபேசியில் அழைப்போருக்கு இல்லை என்று சொல்லுதல்.

இனி அம்மையாரின் கேள்வி. தத்துவார்த்த சூத்திரத்தின் ஏழாம் அத்தியாயம் இவ்விரத்திற்குரிய வரம்பு மீறல்களைச் சொல்லும்போது நிலத்தையும் வீட்டையும் முதலில் வைக்கிறது. வட்டி நம் உடைமை அன்று, நம்மை விட்டுப் போவது. ஆதலால் தொகையால் அவர் எல்லையைக் கடக்கவில்லை என்றோம். அவர் முகம் தெளிந்தது. ஆனால் நாம் அத்துடன் நிறுத்த இயலவில்லை. அதே அத்தியாயம் பரிக்கிரகம் என்பதற்கு மூர்ச்சை, அதாவது பற்று, என்றே இலக்கணம் கூறுகிறது. மகனின் இருபதாண்டு உழைப்பில் நாற்பத்தொரு இலட்சத்தை ஒரு பொருளுக்கென முன்கூட்டியே எழுதிக் கொடுத்தபின், பற்றின் அளவு இருபத்தாறு என்று எப்படிச் சொல்வது? விரதம் ஏற்போர் கடனில் வாங்கும் பொருளுக்கு முழுத் தொகையையும் கணக்கிட்டே வரம்புக்குள் அடங்குமா என்று பார்க்க வேண்டும் என்பது நம் கருத்து. 2024 அக்டோபர் முதல் கடன் தருமுன் எல்லாச் செலவையும் சேர்த்த ஆண்டு விகிதத்துடன் முக்கிய விவர அறிக்கை ஒன்றை வங்கி தர வேண்டும். விரதக் குறிப்பேட்டிலேயே அதனை வைத்துக்கொள்ளலாம்.

அம்மையார் வெகுநேரம் ஒன்றும் பேசவில்லை. பின் மகனைப் பார்த்து, "மாடியை வாடகைக்கு விட்டுவிடப்பா" என்றார். மகனுக்கு மனமில்லை. யாருக்காகக் கட்டினோமோ அவர்கள் வந்தால் எங்கே தங்குவார்கள் என்றார். "கூடத்தில் பாய் விரிக்கலாம்" என்று அம்மையார் சொல்லிவிட்டார்.

பங்குனியில் அவரிடமிருந்து கடிதம் வந்தது. மாடியில் இளம் ஆசிரியர் ஒருவர் மனைவியுடன் குடியேறியிருக்கிறார். வாடகையைத் தவணையோடு சேர்த்து மாதம் ரூ. 22,000 செலுத்த ஏற்பாடாகிவிட்டது. நாம் போட்ட கணக்கின்படி எஞ்சியிருந்த 180 மாதம் 119 ஆகக் குறையும். வட்டியில் ஐந்து இலட்சம் மிஞ்சும். குறிப்பேட்டில் 'வீடு ஒன்று' என்று இருந்த இடத்தின் கீழே '119' என்று எழுதி, மாதந்தோறும் ஒன்று குறைத்து வருவதாகவும், கடிதம் எழுதும் அன்று அது 118 என்றும் குறித்திருந்தார்.