தோற்ற ஆட்டத்தில் ஒரு கோல்

புதுக்கோட்டைச் சீமையில் கோடை முற்றினால் கண்மாய்கள் வறண்டு விளையாட்டுத் திடல்களாகிவிடும். அத்தகைய பொட்டல் ஒன்றில் என் தங்கை மகன் ஆடிய குழு, நான்குக்கு ஒன்று என்ற கணக்கில் தோற்றது. அந்த ஒன்றை அடித்தவன் அவனே. புழுதிக் காலோடு திண்ணையில் வந்தமர்ந்தவன் கேட்டான்: “மாமா, தோற்ற ஆட்டத்தில் அடித்த கோலுக்கு என்ன மதிப்பு?”

இக்கேள்வி பந்தாட்டத்தோடு முடிவதன்று. பிழைக்க மாட்டார் என்று தெரிந்த நோயாளிக்கு இரவெல்லாம் விசிறியவள், நொடித்துப்போன கடையில் கடைசி நாளன்றும் எடை குறையாமல் நிறுத்தவன் ஆகியோரின் செயலும் இதே கேள்விக்கு உள்ளாகிறது. பலன் கைகூடாத நற்செயல் வீண்தானா?

1950 ஜூலை 16 அன்று, ரியோவின் மரக்கானா அரங்கில் உலகக் கோப்பையின் கடைசி ஆட்டம். சமன் செய்தாலே கோப்பை பிரேசிலுக்கு. இரண்டாம் பாதி தொடங்கியதும் பிரேசிலின் முன்வரிசை ஆட்டக்காரர் ஃபிரியாசா கோல் அடித்தார், அரங்கமே அதிர்ந்தது. ஆட்டம் முடிவதற்குள் உருகுவே இரண்டு கோல்கள் அடித்துக் கோப்பையைக் கொண்டுபோயிற்று. ஃபிரியாசாவின் கோலைக் கொண்டாட எவருமில்லை. அவர் உதைத்த உதையில் இடையே ஏதேனும் மாறிற்றா? இல்லை. செய்து முடிந்த செயலின் மதிப்பைப் பிறர் பின்னர்ச் செய்வது குறைத்துவிடும் என்றால், அது நியாயமான தராசு ஆகாது.

இனி நம்மவர் ஒருவரைப் பார்ப்போம். தமிழகத்தைச் சேர்ந்த சைமன் சுந்தரராஜ் 1960 ரோம் ஒலிம்பிக்கில் இந்தியக் குழுவின் முன்வரிசையில் ஆடியவர். பயிற்சியாளர் ஹைதராபாத் சையத் அப்துல் ரஹீம். இந்தியா ஹங்கேரியிடம் 1–2 எனத் தோற்றது. பிரான்சுடன் 1–1 எனச் சமன் செய்தது. பிரிவில் முதலிடம் பெறுவோர்க்கு மட்டுமே அடுத்த சுற்று. அது இந்தியாவுக்கும் பெருவுக்கும் எட்டாது என்றாகிவிட்டது. ஆகவே பெருவுடனான கடைசி ஆட்டத்தில் வெல்வதற்கு இரு குழுக்களுக்கும் பெரிதாக எதுவுமில்லை. 1–3 எனத் தோற்ற அந்த ஆட்டத்தில் இந்தியாவின் ஒரே கோலை அடித்தவர் சுந்தரராஜ்.

அதன்பின் இந்திய ஆடவர் கால்பந்துக் குழு ஒலிம்பிக்கின் பிரதானச் சுற்றை எட்டவே இல்லை. அதனால் அது ‘ஒலிம்பிக்கில் இந்தியாவின் கடைசிக் கோல்’ எனப் பெயர் பெற்றது. இங்கே தராசு மறுபக்கம் சாய்கிறது. ஃபிரியாசாவின் கோலைப் பிறர் வெற்றி மங்கச் செய்தது. சுந்தரராஜின் கோலைப் பின்வந்தோரின் இயலாமை ஒளிரச் செய்தது. இரண்டுமே அடித்தவர் கையில் இல்லாதவை. இழிவும் புகழும் இவ்வாறு வெளியிலிருந்து வருமாயின், மனிதனுக்கென்று எஞ்சுவது யாது? பெற ஒன்றுமில்லாத ஆட்டத்திலும் கால் ஓயாமல் ஓடினானே, அந்த ஓட்டம் மட்டுமே.

‘அப்படியானால் வெற்றியைப் பற்றிக் கவலை வேண்டாமோ?’ என்று வினவலாம். அது சோம்பேறியின் சமாதானம். 1951, 1962 ஆசியப் போட்டிகளில் தங்கம் பெற்றுத் தந்த ரஹீம், தோல்வியை அலட்சியமாக எண்ணியவர் அல்லர். வெல்வதற்காக முழு மனத்தோடு உழைத்தவனுக்கே தோல்வியில் ஆறுதல் கொள்ளும் உரிமை உண்டு.

சுந்தரராஜின் கதையும் ரோமில் முடியவில்லை. 1973-இல் கேரளம் முதன்முறையாகச் சந்தோஷ் கோப்பையை வென்றபோது அதன் பயிற்சியாளர் அவரே. எர்ணாகுளத்து இறுதி ஆட்டத்தில் ரயில்வே குழுவை 3–2 என வீழ்த்திய மூன்று கோல்களும் குழுத்தலைவர் மணி அடித்தவை. பயிற்சியாளர் பந்தைத் தொடவும் முடியாது. ஆயினும் தம் கால் கற்றதை இன்னொருவர் காலுக்குத் தந்துவிட்டு, கோட்டுக்கு வெளியே நின்றார்.

இவற்றையெல்லாம் மருமகனிடம் சொன்னேன். நெடுநேரம் பேசாதிருந்தான். பின்பு தலைகுனிந்தவாறே, “நான்காவது கோல் விழுந்தபோது, தோற்றுத்தானே போகிறோம் என்று நான் ஓடாமல் நின்றுவிட்டேன். அதுவும் கணக்கில் சேருமா மாமா?” என்றான்.

“சேரும்” என்றேன்.