வேடமும் பொறுப்பும்: ரொபேர் லெ விகான் எழுப்பும் கேள்வி

ஒருவர் ஏற்கும் வேடம் அவருடைய ஆன்மாவைத் தொடுகிறதா என்னும் கேள்வி, கிறித்தவ ஐரோப்பாவில் நாடகக்கலையைச் சுற்றி நெடுங்காலம் நிலவிய கேள்வியாகும். தொட்டுக் கெடுத்துவிடுகிறது என்று அஞ்சிய பிரெஞ்சுத் திருச்சபை, தொழிலைக் கைவிடுவதாக அறிக்கையிடாத நடிகர்களுக்கு அருளடையாளங்களையும், அதாவது இறையருளை வழங்குவனவாகக் கத்தோலிக்கர் கொள்ளும் சடங்குகளையும், கிறித்தவ அடக்கத்தையும் மறுத்தது. 1673இல் இறந்த நாடகாசிரியரும் நடிகருமான மோலியேரை இரவில்தான் புதைக்க முடிந்தது. ஆனால் இதே திருச்சபை ஜெனேசியுஸ் என்னும் ரோமானிய நடிகரைப் புனிதராகப் போற்றுகிறது. திருமுழுக்கைக் கேலிசெய்யும் நாடகத்தில் நடித்துக்கொண்டிருக்கையிலேயே மனம்மாறி, அதை மேடையிலேயே அறிவித்து, அதன் பொருட்டுக் கொல்லப்பட்டார் என்பது அவரைப் பற்றிய மரபு.

இக்கேள்வியை இருபதாம் நூற்றாண்டில் மிகக் கடுமையாக எழுப்புவது பிரெஞ்சுத் திரைப்படத்தின் குணச்சித்திர நடிகர் ரொபேர் லெ விகானின் வாழ்க்கை. 1900இல் பிறந்த அவர் கதாநாயகராக அறியப்பட்டவரல்லர். நிலைகுலைந்த மனிதர்களைச் சில காட்சிகளில் மறக்கமுடியாதவர்களாக்குவதே அவருடைய ஆற்றல். ழான் ரெனுவாரின் ‘அடித்தளங்கள்’ (1936) படத்தில் குடியால் அழிந்து தற்கொலை செய்துகொள்ளும் நடிகராகவும், மார்செல் கார்னேயின் ‘மூடுபனித் துறைமுகம்’ (1938) படத்தில் தன் உடைகளைப் பிறனுக்கு விட்டுவிட்டுக் கடலில் இறங்கும் ஓவியராகவும் அவர் தோன்றினார். இவற்றுக்கு முன்பே, 1935இல், ஜூலியன் துவிவியேயின் ‘கொல்கொதா’வில் இயேசுவாக நடித்திருந்தார், ஏரோதாக நடித்தவர் ஆரி போர்.

இரண்டாம் உலகப் போரில் பிரான்சில் ஜெர்மானிய ஆக்கிரமிப்பு வந்தபோது இயேசுவாக நடித்தவர் யூத வெறுப்பின் பக்கம் சேர்ந்து, ஆக்கிரமிப்பாளருக்குத் துணைபோன வானொலியில் பேசினார். ஏரோதாக நடித்த ஆரி போரை, யூதர் என்னும் ஐயத்தின் பேரில், நாஜி இரகசியக் காவல்துறையான கெஸ்டபோ 1942இல் கைதுசெய்து வதைத்தது. விடுவிக்கப்பட்டபின் 1943 ஏப்ரலில் அவர் இறந்தார். திருச்சபையின் பழைய அச்சத்தை இவ்விருவர் வரலாறும் உறுதிப்படுத்தவில்லை: புனித வேடம் ஒருவரைப் புனிதராக்கவில்லை, கொடியவனின் வேடம் மற்றவரைக் கெடுக்கவுமில்லை.

நடிகர் தாம் காட்டும் உணர்ச்சியை உள்ளத்தில் உணராதிருப்பதே நல்ல நடிப்பு என்று வாதிட்ட பிரெஞ்சு மெய்யியலாளர் தெனி திதெரோவின் கருத்து, அவர் இறந்து பல்லாண்டுகள் கழித்து 1830இல் வெளியான நூலில் உள்ளது. அதன்படி பார்த்தால் ‘கொல்கொதா’ லெ விகானிடம் எந்தச் சுவட்டையும் விட்டுச்சென்றிருக்க வேண்டியதில்லை. இது பெரும்பாலும் சரியே. ஆயினும் ஜெனேசியுசை இதனால் விளக்க முடியாது. அவரை மாற்றியது வேடம் மட்டுமன்று, வேடத்தின் சொற்களுக்கு அவர் அளித்த இசைவு என்று கொள்வதே பொருத்தமானது. இசைவு என்பது இங்கே, பிறர் எழுதிய வசனத்தைத் தம் சொல்லாக ஏற்று அதன் விளைவுக்குத் தாமே நிற்பது. மேடையில் இத்தகைய இசைவு அரிது. வாழ்க்கையிலோ அதிலிருந்து எவரும் தப்புவதில்லை. ஆகவே, நிலையற்ற மனம் படைத்த இக்கலைஞர் அரசியலிலும் ஒரு வேடத்தையே பூண்டார் என்னும் பரிவான விளக்கத்தை ஏற்க இயலாது. வானொலியில் அவருக்கு ஒப்பனை இல்லை, பாத்திரப்பெயரும் இல்லை. கேட்டவர்கள் நம்பவேண்டும் என்பதற்காகவே பேசினார், அப்போது வேட்டையாடப்பட்டவர்களோ மெய்யான மனிதர்கள்.

கார்னேயின் ‘சொர்க்கத்தின் குழந்தைகள்’ படத்தில் பழந்துணி வணிகர் ஜெரிக்கோவாக நடிக்கத் தொடங்கியிருந்த லெ விகான், 1944இல் எழுத்தாளர் செலீனைப் போலவே ஜெர்மனியின் சிக்மாரிங்கனுக்குத் தப்பியோடியதால், அப்பாத்திரம் பியேர் ரெனுவாரை வைத்து மீண்டும் படமாக்கப்பட்டது. 1946இல் பிரெஞ்சு நீதிமன்றம் அவருக்குப் பத்தாண்டுக் கடின உழைப்புத் தண்டனை விதித்தது. நிபந்தனையின்பேரில் விடுவிக்கப்பட்டபின் ஸ்பெயின் வழியாக அர்ஜென்டினா சென்று, 1972இல் தந்தில் நகரில் இறந்தார். அவருடைய நடிப்பைப் போற்றுவோர் அதைத் தயக்கமின்றிப் போற்றலாம். ஆனால் அந்நடிப்பைக் காட்டி அவர் வானொலியில் பேசியதை மன்னிக்கக் கோருவது நியாயமாகாது.