பேசாத சக்கரம்

பழைய மோட்டார் வைத்திருப்பவன் பாதி காதால்தான் ஓட்டுகிறான். எந்தச் சத்தம் நேற்றே இருந்தது, எது இன்று புதிதாக வந்து சேர்ந்தது என்று கணக்குப் பார்ப்பதிலேயே அவன் பிரயாணம் கழிந்துவிடும். பக்கத்தில் உட்கார்ந்து மனைவி சொல்லும் குடும்ப விஷயங்களுக்கு 'ஊம்' கொட்டிக்கொண்டே அவன் முன் சக்கரத்தின் பேச்சைக் கேட்டுக்கொண்டிருப்பான். நானும் பல வருஷம் அப்படி ஓட்டியவன்தான்.

என்னுடையது 1966-ஆம் வருஷத்து ஸ்டாண்டர்டு ஹெரால்டு. நம் சென்னைக்கு வெளியே, வண்டலூர்ப் பக்கத்தில் 1961 முதல் பத்து வருஷம் தயாரான வண்டி. இங்கிலாந்தில் 1959-ல் டிரையம்ப் என்ற பெயரோடு பிறந்தது. அதன் உருவத்தை வரைந்தவர் மிக்கெலோட்டி என்ற இத்தாலியர். அந்த வண்டியில் இரண்டு விசேஷங்கள் உண்டு. முன்பக்கத்து மூடி முழுவதும், சக்கரங்களின் மேலிருக்கும் தகடு உட்பட, ஒரே துண்டாக முன்னால் கவிழ்ந்துவிடும். மெக்கானிக் டயரின் மேல் உட்கார்ந்துகொண்டு நிம்மதியாக வேலை பார்க்கலாம். இன்னொன்று, சுமார் 25 அடி வட்டத்துக்குள் அது திரும்பிவிடும். மற்றவர்கள் இரண்டு முறை பின்னால் எடுத்துத் திருப்பும் சந்தில் நான் ஒரே மூச்சில் திருப்பிக்கொண்டு, அவர்களைக் கொஞ்சம் கர்வத்தோடு பார்த்திருக்கிறேன்.

1983-ல் அந்த வண்டியை விற்க வேண்டி வந்தது. மூத்த பெண்ணின் கல்யாணக் கடன் பாக்கி இருந்தது. பெரணமல்லூரிலிருந்து ஒரு பட்டு நெசவாளர் வந்து பார்த்தார். நான்கு தறிக்குச் சொந்தக்காரர். ஆரணிக்கும் காஞ்சிபுரத்துக்கும் புடவைக் கட்டைத் தூக்கிக்கொண்டு பஸ் பஸ்ஸாக ஏறி இறங்கி அலுத்துப்போனவர். அவருக்கு வண்டியைக் கடற்கரைச் சாலையில் ஓட்டிக் காட்டினேன். அந்தச் சாலையில் எந்த வண்டியும் நல்ல வண்டிதான். ஒன்பதாயிரம் ரூபாய்க்குப் பேசி, ஆயிரம் முன்பணம் கொடுத்துவிட்டு, "சார், வர்ற ஞாயித்துக்கிழமை நீங்களே கொண்டாந்து விட்டுட்டா புண்ணியமா போகும்" என்று சொல்லிப் போனார்.

குண்டும் குழியுமான தெருக்களில் இடது முன் சக்கரத்திலிருந்து 'டக், டக்' என்று ஒரு சத்தம் சில மாதங்களாகவே வந்துகொண்டிருந்தது. அந்தப் பக்கத்து டயர் ஒரு ஓரம் மட்டும் தேய்ந்தது. சாலையைத் திட்டிக்கொண்டே இரண்டு முறை டயர் மாற்றினேன். வண்டியும் மெல்ல இடப்புறம் இழுத்தது. ஆனால் அது ஒரே நாளில் வரவில்லை. தினமும் ஒரு நூல் அளவு. என் கைகளும் தினமும் ஒரு நூல் அளவு வலப்புறம் பிடித்துப் பழகிவிட்டன. நேராகப் போவதாகவே நினைத்துக்கொண்டிருந்தேன்.

கொண்டுபோய் விடுவதற்கு முன் எனக்குப் பழக்கமான மேஸ்திரியிடம் காட்டினேன். அவர் முதலில் வண்டியின் மூலையை அழுத்தி விட்டார். ஒரு தரம் எழுந்து அடங்கியது. "ஷாக் அப்சார்பர் நல்லாத்தான் இருக்கு" என்றார். பிறகு ஜாக்கி போட்டுச் சக்கரத்தைத் தூக்கி, மேலும் கீழும் பிடித்து அசைத்தார். ஆடியது. என்னைப் பிரேக்கை மிதிக்கச் சொன்னார். "பிரேக் போட்டதும் ஆட்டம் நின்னுட்டா அது பேரிங். நிக்கலைன்னா உள்ளே வேற சமாசாரம்." நிற்கவில்லை. இடமும் வலமுமாகப் பிடித்து அசைத்தார்; அதில் ஆட்டம் இல்லை; ஸ்டியரிங் கம்பியின் முனைகள் தப்பின. பின்பு கீழே படுத்து, என்னை அசைக்கச் சொல்லிவிட்டு டார்ச் வெளிச்சத்தில் பார்த்தார். எழுந்து வந்து கையைத் துடைத்துக்கொண்டு, "ட்ரன்னியன் போச்சு சார்" என்றார்.

ஹெரால்டு வண்டியில் சக்கரத்தைத் தாங்கும் எஃகுத் தண்டின் கீழ் முனையில் மரை இருக்கிறது. அந்த மரை ஒரு வெண்கலக் கூட்டுக்குள் திருகி உட்கார்ந்திருக்கும். அந்தக் கூடுதான் ட்ரன்னியன். ஸ்டியரிங்கைத் திருப்பும்போதெல்லாம் தண்டு அதற்குள் சுழல்கிறது. அதற்குக் கியர் பெட்டிக்கு ஊற்றும் எண்ணெயைக் கொடுக்க வேண்டும், கிரீஸ் கூடாது. கிரீஸ் அடி மரை வரை இறங்காமல் நடுவில் கட்டிக்கொள்ளும். கீழே ஈரம் தங்கித் துரு பிடிக்கும். நான் வழக்கமாக விடும் ஒரு சர்வீஸ் நிலையத்தில் மற்ற வண்டிகளுக்குச் செய்வதைப் போலவே இதற்கும் கிரீஸை அடித்திருக்கிறார்கள். கேட்க வேண்டிய நானும் கேட்கவில்லை.

"ஓடினா என்ன ஆகும், மேஸ்திரி?"

"ஓடும் சார். ஒரு நாள் தண்டு மரையோட ஒடியும். சக்கரம் மடங்கிப் படுத்துக்கும். வீட்டு வாசல்ல திருப்பும்போது ஒடிஞ்சா நீங்க செஞ்ச புண்ணியம்."

இரண்டு பக்கமும் மாற்ற வேண்டும் என்றார். புதுப்பேட்டையில் தேடினால் சாமான் கிடைக்கும். கூலியோடு எழுநூறு ரூபாய். மூன்று நாள் வேலை. ஞாயிற்றுக்கிழமைக்கு இரண்டு நாள்தான் இருந்தது. கடன்காரர் சொன்ன தேதி திங்கட்கிழமை.

"சத்தம் மட்டும் நிற்க வழி இல்லையா?" என்று கேட்டேன். இந்தக் கேள்வியை நான் கேட்டேன் என்பதை எழுதுவதற்கு எனக்கு இத்தனை வருஷம் ஆயிற்று.

அவர் என்னைச் சற்று நேரம் பார்த்தார். "கெட்டி கிரீஸா அடிச்சு ஏத்தினா ஒரு வாரம் பேசாது. பேசாம இருக்கிறதுதான் சார் அதுக்கு மோசம்" என்றார். ஆனாலும் அடித்துக் கொடுத்தார். கூலி வாங்கவில்லை. அதை அப்போது நான் மரியாதை என்று எடுத்துக்கொண்டேன்.

அன்று மாலை ஒரு வக்கீல் நண்பரைப் பார்த்து, யாருக்கோ நடந்தது போல விஷயத்தைச் சொன்னேன். 1872-ஆம் வருஷத்து இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 17-ஆம் பிரிவை அவர் விளக்கினார். விற்பவன் வெறுமனே பேசாமல் இருப்பது மோசடி ஆகாது. பேச வேண்டிய கடமை இருந்தாலோ, மௌனமே பேச்சுக்குச் சமமாக இருந்தாலோ ஒழிய. சட்டமே குதிரைகளை வைத்து உதாரணங்கள் கொடுக்கிறது. நோயுள்ள குதிரை என்று தெரிந்தும் ஒருவன் சொல்லாமல் ஏலத்தில் விற்கிறான். அது மோசடி அல்ல. நண்பர் இதற்கு மேலும் இரண்டு உதாரணங்கள் சொன்னார். முதல் உதாரணம் கிடைத்ததும் என் காது மூடிக்கொண்டது. மோட்டார் விஷயத்தில் கூர்மையான காது, தனக்கு வேண்டாத இடத்தில் மூடிக்கொள்ளவும் தெரிந்துவைத்திருக்கிறது.

ஞாயிற்றுக்கிழமை வந்தவாசி வழியாகப் பெரணமல்லூர் போனேன். அப்போது அது வட ஆற்காடு மாவட்டம். இன்று திருவண்ணாமலை மாவட்டம். சாலை எவ்வளவு மோசமாக இருந்தும் வண்டி ஒரு சத்தம் போடவில்லை. அத்தனை நிசப்தமான பிரயாணத்தில் எனக்கு ஏன் அவ்வளவு வேர்த்தது என்று தெரியவில்லை.

நெசவாளர் தறிக் குழியில் இருந்தார். "வாங்க அண்ணா, ஒரு விரற்கடை முடிச்சுட்டு வந்துடறேன்" என்றார். சென்னையில் 'சார்' ஆக இருந்தவன் அவர் வீட்டு வாசற்படி தாண்டியதும் அண்ணா ஆகிவிட்டேன். எட்டு வயதிருக்கும் அவர் பெண் காபி கொண்டு வந்து, "எடுத்துக்கோங்க பெரியப்பா" என்றாள். யாரும் அவளுக்குச் சொல்லிக் கொடுக்கவில்லை. அப்பாவுக்கு அண்ணா என்றால் தனக்குப் பெரியப்பா. நம் குழந்தைகளுக்கு இந்தக் கணக்கு தானாக வரும்.

தறியில் பாவின் இழை ஒன்று அறுந்தது. முடிந்தார். சற்று நேரத்தில் அதே பக்கம் இன்னொன்று அறுந்தது. அவர் தறியை நிறுத்தி, நாடாவை எடுத்துப் புறங்கையில் மெல்ல இழுத்துப் பார்த்தார். ஓரத்தில் கண்ணுக்குத் தெரியாத ஒரு பிசிர். உப்புத்தாளால் அதைத் தேய்த்துக்கொண்டே, "இழை அறுந்தா இழையைத் திட்டக் கூடாதுண்ணா. நாடாவைப் பாக்கணும்" என்றார். சாலையைத் திட்டி நான் வாங்கிய இரண்டு டயர்களும் ஞாபகம் வந்தன.

பணம் எண்ணி வைத்திருந்தார். வாங்குவதற்கு முன் ஊரை ஒரு சுற்றுச் சுற்றி வரலாம் என்று பெண் பிடிவாதம் பிடித்தாள். ஓடிப்போய் முன் இருக்கையில், இடது பக்கம், அந்தச் சக்கரத்துக்கு நேர் பின்னால் உட்கார்ந்தாள். "நீங்க சொன்னா சரிண்ணா. எனக்குப் பட்டு தெரியும், காரைப் பத்தி என்ன தெரியும்?" என்றார் அவர். நான் சாவியைப் போட்டேன். திருப்ப முடியவில்லை.

"பெரியப்பா, கிளம்பலையா?"

இறங்கி அவரைத் தனியே அழைத்துப் போய் எல்லாவற்றையும் சொன்னேன். கிரீஸ் அடித்ததையும் சொன்னேன். அவர் கோபிக்கவில்லை. வண்டியில் இருந்த பெண்ணைப் பார்த்தார். பிறகு ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "இதை மெட்ராஸ்லயே ஏன் சொல்லல அண்ணா?"

அன்று எனக்குப் பதில் வரவில்லை. பிற்பாடு பல நாள் யோசித்திருக்கிறேன்.

இது பழைய கேள்வி. கி.மு. 44-ல் ரோமாபுரிச் சிசரோ தம் மகனுக்கென்று எழுதிய கடமைகளைப் பற்றிய நூலில் ஒரு வியாபாரி வருகிறான். ரோட்ஸ் தீவில் பஞ்சம். அவன் கப்பல் நிறையத் தானியத்தோடு முதலில் வந்து சேருகிறான். பின்னால் இன்னும் பல கப்பல்கள் வருவது அவனுக்குத் தெரியும், ஊராருக்குத் தெரியாது. சொல்ல வேண்டுமா? டயோஜெனிஸ் என்ற தத்துவ ஞானி, மறைப்பது வேறு, சொல்லாமல் இருப்பது வேறு என்றார். அவருடைய சீடர் ஆன்டிபேட்டர், சொல்லத்தான் வேண்டும் என்றார். சிசரோ சீடர் பக்கமே சேர்ந்தார்.

குருவின் வாதத்தில் சாரம் இல்லாமல் இல்லை. பெயிண்ட் மங்கியதையும் இருக்கை கிழிந்ததையும் நான் சொல்ல வேண்டியதில்லை; வாங்குபவருக்குக் கண் இருக்கிறது; விலையே அதைச் சொல்லிவிடுகிறது. ஆனால் வெண்கலக் கூட்டுக்குள் இருக்கும் துருவைப் பார்க்க எந்தக் கண்ணும் போதாது. அதே நெசவாளரிடம் நான் புடவை வாங்கினால் சரிகை அசலா போலியா என்று எனக்குத் தெரியுமா? அவர் சொல்வதுதான் எனக்கு வேதம். பட்டில் நான் குருடன். காரில் அவர் குருடர். ஒருவர் குருட்டுத்தனத்தை மற்றவர் சுரண்டாமல் இருப்பதால்தான் சந்தை என்ற ஒன்று நடக்கிறது.

இன்னொன்றும் உண்டு. நான் சும்மா இருந்தேனா? கிரீஸ் அடித்தேன். கடற்கரைச் சாலையைத் தேர்ந்தெடுத்தேன். என் மௌனம் அவ்வளவு உழைப்பில் உருவானது. சொல்லாமல் இருப்பதற்கும் மறைப்பதற்கும் நடுவில் டயோஜெனிஸ் போட்ட கோட்டை நான் எப்போது தாண்டினேன் என்று எனக்கே தெரியாது. அதுவும் தினம் ஒரு நூல் அளவாக நடந்திருக்க வேண்டும்.

வக்கீல் நண்பர் சொன்ன மற்ற இரண்டு உதாரணங்களையும் பின்னால் கேட்டுத் தெரிந்துகொண்டேன். குதிரையை வாங்குபவள் விற்பவனின் மகளாக, அப்போதுதான் வயது வந்தவளாக இருந்தால், அவளிடம் குறையைச் சொல்வது அவன் கடமை. வாங்குபவன், 'நீ மறுக்காவிட்டால் குதிரைக்குக் குறை இல்லை என்று எடுத்துக்கொள்வேன்' என்று சொல்லி, விற்பவன் சும்மா இருந்தால், அந்த மௌனம் பேச்சுக்குச் சமம். 'நீங்க சொன்னா சரிண்ணா' என்று அவர் சொன்னதற்கு இதைவிட வேறு என்ன அர்த்தம்? தம்பியின் பெண் நம் முறையில் யாருக்கு மகள்? நாம் முன்பின் தெரியாதவரையெல்லாம் அண்ணா, அம்மா, தாத்தா என்று கூப்பிடுகிறோம். அதை வெறும் உபசார வார்த்தை என்றுதான் நானும் நினைத்திருந்தேன். ஆனால் அந்த வார்த்தைக்குத் திரும்பிப் பார்க்கிறவன் ஒரு கடமையை ஏற்றுக்கொள்கிறான்.

ஒரு முகத்தைப் பார்த்த பிறகு வந்த நியாயம் நியாயம்தானா என்று கேட்கலாம். கேட்க வேண்டியதுதான். அந்தப் பெண் முன் இருக்கையில் உட்காராமல் இருந்திருந்தால் நான் பணத்தை வாங்கிக்கொண்டு பஸ் ஏறியிருப்பேன் என்றே பயப்படுகிறேன்.

வண்டி பெரணமல்லூரிலேயே நின்றது. மேஸ்திரி புதுப்பேட்டையில் சாமான் வாங்கிக்கொண்டு பஸ்ஸில் வந்து இறங்கினார். புங்க மரத்தடியில் மூடியைக் கவிழ்த்து, மரக்கட்டைகளை முட்டுக்கொடுத்துச் சக்கரங்களைக் கழற்றினார். தண்டைத் திருகி எடுத்துக் காட்டினார். மேல் மரை பளபளத்தது. அடி மரை செந்துருவாக அரித்திருந்தது. நடுவில் நான் அடித்த கெட்டி கிரீஸ். புதிய தண்டுகளையும் கூடுகளையும் பொருத்தினார். ஒரு பக்கத்து மரை வலப்புறம் திருகும், மறுபக்கத்தது இடப்புறம். மாற்றிப் போட வழியில்லை. எண்ணெய் வழிந்து வரும் வரை ஊற்றினார். செலவு என்னுடையது. கடன்காரரிடம் ஒரு வாரம் தவணை கேட்டேன். அவர் அன்போடு கொடுத்தார் என்று சொல்ல மாட்டேன்.

கடைசியாகச் சக்கரங்கள் நேராக நிற்கின்றனவா என்று பார்க்க வேண்டும். பின் சக்கரத்திலிருந்து முன் சக்கரம் வரை நூல் பிடித்துப் பார்ப்பது மேஸ்திரியின் வழக்கம். நூலின் ஒரு முனையை நெசவாளர் வாங்கிக்கொண்டார். ஒரு கண்ணை மூடிக்கொண்டு பார்த்துவிட்டு, "இன்னும் ஒரு இழை உள்ளே வரணும்" என்றார். மேஸ்திரி அளந்து பார்த்தார். சரியாகத்தான் இருந்தது.