பதவிக்கு நாள் உண்டு

பதவிக்கு நாள் உண்டு. பொறுப்புக்கு நாள் இல்லை.

செங்கல்பட்டில் பிறந்த ஜெனரல் கிருஷ்ணசாமி சுந்தர்ஜி 1946இல் இளம் அதிகாரியாகப் படையில் சேர்ந்தார். 40 ஆண்டுகள் கழித்து, 1986இல் தரைப்படைத் தலைமைத் தளபதி ஆனார். 1988இல் ஓய்வு பெற்றார். ஏற நெடுங்காலம், இறங்க ஒரு நாள். ஆனால், அவர் காலத்தில் இலங்கைக்குப் போன அமைதிப்படை பற்றிய கேள்விகள் இன்றும் ஓயவில்லை.

பதவிக்கு நாள் குறிப்பதும் கணக்குக் கேட்பதும் நம் ஊர்களுக்குப் புதிதல்ல. உத்திரமேரூர் வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில் கி.பி. 921ஆம் ஆண்டுக் கல்வெட்டு இருக்கிறது. அதன்படி, ஊர்ச்சபையின் வாரியப் பதவி 360 நாள்தான். கணக்குக் காட்டாதவர் பெயரை மறுபடி குடவோலையில் எழுதக் கூடாது; அவருடைய நெருங்கிய உறவினர்களுக்கும் அதே தடை.

ஓய்வு பெறும் நாளில் தோளில் இருக்கும் நட்சத்திரம் இறங்கிவிடும். இட்ட கட்டளை இறங்காது. உயர ஏறுகிறவர் அதிகாரத்தை மட்டும் சேர்ப்பதில்லை. தன் சொல்லுக்குக் கட்டுப்பட்ட ஒவ்வோர் உயிரையும் தன் கணக்கில் சேர்க்கிறார். ஊராட்சி வார்டானாலும் ராணுவமானாலும், கணக்குக் கொடுக்கத் துணிந்தவருக்கே பதவி கேட்கும் தகுதி உண்டு.