கண்டெடுத்த பணமும் இழந்த தாயும்

வழியிற் கிடந்த பொருள் யாருக்குரியது என்னும் வினா அறநூலாரையும் சட்டவறிஞரையும் நெடுங்காலமாக ஈர்த்து வந்துள்ளது. 1722 இல் இங்கிலாந்தில் விசாரிக்கப்பட்ட ஆமரி - டெலமிரி வழக்கு இதற்கு நல்லதோர் உதாரணம். புகைபோக்கி துடைக்கும் சிறுவன் ஒருவன் ஆபரணமொன்றைக் கண்டெடுத்து, அதன் பெறுமதியை அறியப் பொற்கொல்லன் ஒருவனின் கடைக்குக் கொண்டுசென்றான். கடையிலிருந்த பயிலுநன் அதிற் பதித்திருந்த கற்களைக் கழற்றிக்கொண்டு அற்பக் காசை நீட்டினான். சிறுவன் அதனை ஏற்காது வழக்குத் தொடுத்து வென்றான். உண்மையான உரிமையாளன் ஒருவனைத் தவிர மற்றெல்லோரிலும் பார்க்கக் கண்டெடுத்தவனுக்கே உரிமை மிகுதி என்பது தீர்ப்பு. கிடைத்த பொருள் அச்சிறுவனின் மனத்தை என்ன செய்தது என்று நீதிமன்றம் கேட்கவில்லை. கேட்பது அதன் வேலையுமன்று. அவ்வினாவை எழுப்பும் ஓர் ஆங்கிலச் சிறுவர் நாவலே ஈண்டு நோக்கப்படுகிறது.

பிராங்க் கொற்றெல் பொய்ஸ் எழுதிய 'மில்லியன்ஸ்' 2004 இல் வெளிவந்து, அவ்வாண்டுக்குரிய கார்னகி பதக்கத்தையும் பெற்றது. அந்தனி, டேமியன் என்னும் சகோதரர் இருவர் அண்மையில் தாயை இழந்தவர்கள். தந்தையோடு புதிய வீட்டிற்கு வந்தவர்கள். இரயிற் பாதையருகே விளையாடும் டேமியனிடம் 2 இலட்சம் பவுணுக்கு மேற்பட்ட பணப்பொதி ஒன்று வந்து விழுகிறது. பிரித்தானியா யூரோ நாணயத்துக்கு மாறவிருப்பதாகக் கதை கற்பனை செய்கிறது. நிகழ்வில் அந்நாடு அவ்வாறு மாறவேயில்லை. ஆகவே சில நாள்களில் அத்தாள்கள் அனைத்தும் செல்லாக் காசாகிவிடும். எரிப்பதற்கென இரயிலிற் கொண்டுசெல்லப்பட்ட பழைய நோட்டுகளைக் கள்வர் களவாடி வெளியே வீசினர் என்பது பின்னரே தெரியவருகிறது.

அந்தனியின் பக்கத்தில் ஒரு வலுவான நியாயம் உண்டு. அதனை இலேசாகத் தள்ளிவிடுதல் தகாது. நெருப்புக்குப் போகவிருந்த காகிதத்தை ஒருவன் செலவிட்டால் யாருக்கு என்ன நட்டம்? இவ்வினாவுக்கான விடை நாவலின் பள்ளிக்கூடக் காட்சியிற் கிடைக்கிறது. சகோதரரின் காசு வகுப்பறைக்குள் பாய்ந்ததும் அற்பப் பொருள்களின் விலையெல்லாம் தாறுமாறாக ஏறுகிறது. பொருள் பெருகாமற் பணம் மாத்திரம் பெருகினால் நேர்வது இதுவேயன்றோ? பொருளியல் மாணவருக்கு இதனினும் தெளிவான பாடம் அரிது. மீளப்பெற்ற நோட்டுக்கு ஈடாக அரசு புதிய நாணயத்தை ஏற்கெனவே கொடுத்தாயிற்று. பழையதையும் ஒருவன் செலவிடும்போது, எதனையும் கொடாமலே பிறர் உழைப்பின் ஒரு பங்கை அவன் எடுத்துக்கொள்கிறான். அந்நட்டம் பலர்மேற் பரவிக் கிடப்பதால் ஒருவர் கண்ணிலும் படுவதில்லை. காணாத நட்டத்தை இல்லாத நட்டமென்று கொள்வது களவுக்கு மிக வசதியான தருக்கமாகும்.

டேமியனோ அப்பணம் இறைவன் அனுப்பியது என நம்பி ஏழைகளைத் தேடி அலைகிறான். எளிமையைப் போற்றும் அயல்வீட்டு மோர்மன் சமயத்தாருக்கு அவன் இரகசியமாகக் கொடுத்த பணம் மின்சாதனங்களாக உருமாறுகிறது. ஈகையின் இடர்ப்பாட்டை இங்கு ஆசிரியர் சிரிப்போடு சொல்லிச் செல்கிறார். அதற்குமேல் அகழ்ந்து பார்க்கவில்லை.

நாவலின் உயிர்நிலை வேறோரிடத்தில் உள்ளது. பணப்பொதி வந்து விழுவதற்கு முன்னரே அந்தனி ஒரு வாணிகத்தைக் கற்றிருக்கிறான். எங்கள் அம்மா இறந்துவிட்டார் என்று சொன்னால் வளர்ந்தவர்கள் இரங்கி எதையாவது தருவார்கள். தம்பிக்கும் இதனையே அவன் பழக்குகிறான். வாசகர் முதலிற் சிரிப்பர். சற்று நின்று நினைத்தால் அச்சிரிப்பு நிலைக்காது. தாயின் மரணம் மாற்றிக்கொள்ளத்தக்க ஒரு நாணயமாகிவிட்டது. தம்பியோ தன்முன் தோன்றும் புனிதர்களிடமெல்லாம் மேலுலகில் தன் தாயைக் கண்டீர்களா என்று வினவுகிறான். இருவரில் தமையனே உலகியல் அறிந்தவன் என்று தோன்றும். துயரை நேரே கேள்வியாக்கும் துணிவு தம்பியிடமே உள்ளது.

ஜேர்மானிய மெய்யியலாளர் கான்ற் 1785 இல் வெளியிட்ட ஒழுக்கவியல் நூலில், விலையுடையது வேறு, மாண்புடையது வேறு எனப் பிரித்தார். விலையுடையதன் இடத்தில் அதற்குச் சமமான பிறிதொன்றை வைக்கலாம். மாண்புடையதற்கு ஈடு கிடையாது. பணத்தின் இயல்பே மாற்றீடாதல். ஒரு நோட்டுப் போனால் மற்றொரு நோட்டு. இந்தத் தருக்கத்துக்குள் அடங்காத முதற்பொருளாக அப்பிள்ளைகள் அறிந்தது தாயைத்தான்.

சட்டமும் இவ்விடத்தில் தடுமாறுகிறது. பிறர் குற்றத்தால் நேர்ந்த மரணங்களில் உறவினரின் துயருக்கென ஒரு குறித்த தொகையை வழங்க, இங்கிலாந்தின் 1976 ஆம் ஆண்டு மரண விபத்துகள் சட்டம் 1982 இல் திருத்தப்பட்டது. நாவல் வெளிவந்த காலத்தில் அத்தொகை 10,000 பவுண். வாழ்க்கைத் துணையும், மணமாகாத சிறு பிள்ளையை இழந்த பெற்றோரும் அதனைக் கோரலாம். தாயை இழந்த பிள்ளை கோர முடியாது. ஆதரவிழந்தமைக்கான நட்டஈடு உண்டு, துயருக்கானது இல்லை. இதனைச் சட்டத்தின் கொடுமை என்பாருண்டு. அவர் கூற்றிலும் நியாயமுண்டு. ஆனால் தொகை வழங்கப்பட்டாலும் அது துயரின் விலையாகாது, துயர் உண்டென்பதற்கான ஒப்புதலே ஆகும்.

இவ்வேறுபாட்டைத் தந்தை ஒரு கட்டத்தில் மறக்கிறார். நத்தார்க் காலத்தில் வீடு கொள்ளையிடப்பட்டதைக் கண்டு மனமுடைந்தவர், அதுவரை திருப்பிக் கொடுக்க எண்ணிய பணத்தை வைத்துக்கொள்ளத் துணிகிறார். அவர் பேராசைக்காரரல்லர். இவ்வளவை இழந்த தமக்கு உலகம் கடன்பட்டிருக்கிறது என்ற எண்ணமே அவரை வழிநடத்துகிறது. துயருற்றோரை நல்லவராகவே காட்டுவது சிறுவர் இலக்கியத்தில் மலிந்த வழக்கம். துயரும் ஒருவனைத் தவறிழைக்கச் செய்யும் என்று சிறுவருக்கு மறையாது சொன்னமை இந்நாவலின் நேர்மை.

இறுதியில் டேமியன் பணத்தை இரயிற் பாதையருகே கொண்டுசென்று எரிக்கிறான். எரியும்போதுதான் தாய் அவன்முன் தோன்றுகிறாள். அவளைக் காண அவன் எதனையும் கொடுக்கவில்லை, எதனையும் வாங்கவுமில்லை. வீட்டிலிருந்த மற்றவர்கள் ஆளுக்குக் கொஞ்சமாக ஒளித்துவைத்த நோட்டுகள் பின்னர் வெளிப்படுகின்றன. அவை ஆபிரிக்காவிற் கிணறுகளாகின்றன. களவுப் பணத்தை இவ்வாறு கழுவி எடுப்பது ஆசிரியர் தேடிய எளிய வழி என்று கடிந்துரைக்க இடமுண்டு. மேலே கூறிய பள்ளிக்கூடக் கணக்கின்படி அக்கிணறுகளுக்கும் யாரோ முகமறியாதவர்கள் விலை கொடுத்தவர்களே. எனினும் தண்ணீருக்காகக் காத்திருப்பவரிடம் அக்கணக்கைச் சொல்லிக் கிணற்றைத் தூர்க்கத் துணிபவர் எவர்?