மரயானையும் தச்சனும்

யானை வடிவைக் காண்பவனுக்கு மரம் மறைந்துபோவதையும், மரத்தைக் காண்பவனுக்கு யானை மறைந்துபோவதையும் கொண்டு திருமூலர் அமைத்த உவமையை, உலகத்தையும் பரத்தையும் விளக்குவதற்கு நம் பெரியோர் வழிவழியாக எடுத்தாண்டு வந்திருக்கிறார்கள். ஆயினும் யானையைக் கண்டவனும் சரி, மரத்தைக் கண்டவனும் சரி, அவ்விரண்டையும் இணைத்து வைத்த தச்சனைக் காண்பதில்லை என்பது, சினிமாவில் கலை இயக்குநர் என்ற பெயரோடு உழைப்பவர்களைப் பற்றிச் சிந்திக்கும்போதுதான் எனக்குப் புலப்பட்டது.

1924இல் சியால்கோட்டில் பிறந்து, ஓவியராகும் நோக்கத்தோடு கல்கத்தாவுக்கு வந்த பன்சி சந்திரகுப்தா, பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் வங்காளத்தில் படம் எடுக்க வந்தபோது அவருடைய குழுவில் பணியாற்றித் தொழிலில் தேர்ந்து, பின்னர் சத்யஜித் ராயின் 'பதேர் பாஞ்சாலி'யிலிருந்து பல படங்களுக்குக் கலை இயக்குநராக விளங்கினார். அவற்றுள் ஒன்றாக 1956இல் வெளிவந்த 'அபராஜிதோ'வில் வரும் காசி வீட்டின் உள்முற்றத்தைத் திறந்த வெளியில் அமைக்கவே முதலில் எண்ணியிருந்தார்கள். மழைக்கு அஞ்சிக் கல்கத்தா ஸ்டூடியோவுக்குள் அமைக்க நேர்ந்தது. வானமில்லாத அந்த முற்றத்துக்கு மேலே வெள்ளைத் துணியை விரித்துக் கட்டி, விளக்கொளியை அதன்மீது பாய்ச்சித் திருப்பி, நிழல் விழாத பகல் வெளிச்சத்தை ஒளிப்பதிவாளர் சுப்ரதோ மித்ரா உண்டாக்கினார். துணியையும் விளக்கையும் எவரும் கண்டதில்லை. வறுமையும், வெயில் இறங்காத காசிச் சந்தும், அவ்வீட்டுத் தலைவன் ஹரிஹரனின் மரணமுமே கண்டார்கள்.

பாடகன் பாடும்போதே தன் குரலுக்குக் கரகோஷம் பெறலாம். ஆனால் கதையில் தோய்ந்திருக்க வேண்டிய ரசிகன், 'ஆகா, என்ன அழகாகச் சுவர் எழுப்பியிருக்கிறார்கள்!' என்று வியந்துவிட்டால், அந்த நொடியிலேயே சுவர் தோற்றுவிடுகிறது. பலனில் பற்று வையாதே என்று கீதை உபதேசிப்பது பிற தொழிலாளருக்கு வெளியிலிருந்து வரும் அறிவுரையாக இருக்க, இவர்களுக்கோ அது தொழிலின் இலக்கணமாகவே அமைந்துவிடுகிறது. சைவர்கள் இறைவனுடைய ஐந்தொழில்களில் மறைத்தலையும் ஒன்றாக வைத்து, ஆன்மா பக்குவப்படும்வரை தன்னைக் காட்டாது நிற்பதும் அருளே என்று கொண்டதன் நுட்பம், படைத்து, மறைந்து நின்று, படப்பிடிப்பு முடிந்ததும் படைத்ததையே பிரித்துப் போடும் இவர்களைக் காண்கையில் ஒருவாறு விளங்குகிறது.

எனினும் இந்த ஒப்புமையில் மயங்கி நின்றுவிடுவது நமக்கு மிகவும் சௌகரியமானது என்பதாலேயே, அதைச் சந்தேகிக்கவும் வேண்டியிருக்கிறது. நாட்கூலிக்குப் பலகை இழைத்தவனையும், புதுச்சுவரில் நூறாண்டுக் கறையைத் தீட்டியவனையும் நாம் மறந்துவிட்டு, அவர்கள் நிஷ்காம கர்மம் புரிந்தார்கள் என்று புகழ்ந்து கடமையை முடித்துக்கொள்வது தத்துவம் ஆகாது. துறவு என்பது துறப்பவன் தானே செய்யும் செயல். பிறர் அவனுக்காகச் செய்து வைக்கக்கூடியது அன்று. இறைவன் தன்னை மறைத்துக்கொள்வது அருளாயிருக்கலாம். மனிதனை நாம் மறப்பதற்கு, செய்ந்நன்றி கொல்லுதல் என்று, வள்ளுவர் வேறு பெயர் வைத்திருக்கிறார்.

அக்காலத்துப் படங்களில் உழைத்தவர்களின் பெயர்கள் தொடக்கத்திலேயே ஓடி மறைந்துவிடும். அப்போது நாம் இடம் தேடி அமர்ந்துகொண்டிருப்போம். அவர்கள் என்ன செய்தார்கள் என்பதை அறியோம். படம் முடிந்து, அந்த முற்றம் நெஞ்சில் நிலைத்த பிறகோ பெயர் நினைவில் இராது. ஆகையால் இந்தக் கடனைத் தீர்க்க விரும்புகிறவன், அதே படத்தை இரண்டாம் முறை, சற்று முன்னதாகவே வந்து அமர்ந்து, பார்க்க வேண்டியவனாகிறான்.